வழக்கு உண்டா?

2007 ஜூலை 10, செவ்வாய்

வக்கீலாப் பதிவு செய்யணும்னா ஒரு சீனியர் நன்னடத்தைச் சான்றிதழ் தரணும். அதுக்குத்தான் இன்னைக்கு தாம்பரத்துல என் சீனியரைப் பார்க்கப் போனேன். விண்ணப்பத்துல 'குற்ற வழக்கு உண்டா?'ங்கிற இடத்துல 'உண்டு'ன்னு எழுதியிருந்தேன். முடிச்சூர்ல குடிதண்ணி கேட்டு ரோட்டுல உட்கார்ந்த கேஸ்.

"இல்லைன்னு மாத்தும்மா. யாரு பார்க்கப் போறா? மாத்தினா இப்பவே கையெழுத்து."

"மாத்தலைன்னா, சார்?"

"வேற ஆளைப் பாரு."

வீட்டுக்கு வந்து சொன்னேன். அம்மா தோசையைத் திருப்பிப் போட்டுட்டு, "அன்னைக்கு நானும்தானே உன் பக்கத்துல உட்கார்ந்தேன்"னாங்க. அவ்வளவுதான்.

மாத்த மாட்டேன். நாளைக்குக் கோர்ட்டுல ஒவ்வொரு வக்கீலாக் கேட்கப் போறேன். தூக்கம்தான் வரலை. பொய் எழுதினாத்தான் நான் யோக்கியம்னு அவர் கையெழுத்துப் போடுவாராம்!