அக்கா, உன் இடத்துக்கு நான் வரவில்லை

என் அன்பு அக்காவுக்கு,

மன்னிச்சுக்கோ. நீ இருந்தவரை நாலு வார்த்தை சேர்ந்தாற்போல் பேசாதவள், இப்போது ஊரே படிக்கும்படி உனக்கு எழுதுகிறேன். வீட்டில் சொல்ல வாய் வரவில்லை.

உன் தலைத்திவசம் முடிந்தது. படையல் இலையை எடுக்கும் முன்பே உன் மாமியார் பேச்சை ஆரம்பித்துவிட்டார். மாமாவுக்கு என்னைக் கட்டிவைக்க வேண்டுமாம். உன் பாப்பாவைப் பார்த்துக்கொள்ள வெளியிலிருந்து ஒருத்தி வந்தால் சரிப்படாதாம். அம்மா என் முகத்தைப் பார்க்காமல், "மாப்ள வீடு சாரத்துலதான, கூப்புடற தூரம்" என்றாள். காய்ச்சலில் நீ போன துக்கத்திலிருந்து அவள் இன்னும் எழுந்திருக்கவில்லை. அவளிடம் எப்படிக் கோபித்துக்கொள்வது?

காலாப்பட்டில் ஒரு கல்லூரி நூலகத்தில் எனக்கு வேலை கிடைத்திருக்கிறது. கல்யாணத்துக்குப் பிறகு அது வேண்டாம் என்பதும் அன்றே முடிவாகிவிட்டது. என்னைத்தான் யாரும் கேட்கவில்லை.

உன்னை மட்டும் யார் கேட்டார்கள்? ஆனாலும் நீ சொன்னாய். நேரு வீதி புடவைக் கடையில் நாள் முழுக்க நின்று என்னைப் படிக்கவைத்தாய். கால் வீங்கி வந்த நாளிலும், நம் வீட்டின் முதல் பட்டதாரி என்று தெருவில் என்னைப் பற்றித்தான் உன் பேச்சு. மருமகள் கடை வேலைக்குப் போவது வழக்கமில்லை என்று பெண் பார்க்க வந்தவர்கள் சொன்னபோது, காபியை நீட்டிக்கொண்டே, "தங்கச்சி படிப்பு முடியற வரைக்கும் போவேன் அத்தை. முடிஞ்சப்புறமும் போவேன்" என்றாய். அவர்களே சிரித்துவிட்டார்கள். குரலை உயர்த்தாமல் அப்படிச் சொல்ல எங்கே கற்றாய்?

போன வாரம் பாப்பாவைக் கொண்டுவந்து விட்ட மாமா வாசலிலேயே நின்றார். "ஸ்கூல் யூனிஃபார்ம்ல உன்னப் பாத்தவன் நானு. என்னால முடியாதும்மா. எங்கம்மாகிட்ட சொல்லத்தான் பயமாக்குது" என்றார். எனக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. சொல்ல வேண்டியவள் நான்தான் என்று ஆகிவிட்டது.

ஞாயிற்றுக்கிழமை தட்டு மாற்ற வருகிறார்கள். எல்லோர் முன்னாலும் மாட்டேன் என்று சொல்லப்போகிறேன். வேலையையும் விடமாட்டேன். இது சத்தியம்.

பாப்பா இப்போது எழுத்துக் கூட்டிப் படிக்கிறாள், கடைப் பலகை ஒன்றையும் விடுவதில்லை. சனிக்கிழமை வந்தால் என்மேல் காலைப் போட்டுத்தான் தூக்கம். நான் மறுத்த பிறகும் அவளை இங்கே அனுப்புவார்களா?

இதைக் கேட்கத்தான் இவ்வளவு நேரம் தயங்கினேன். என்மேல் அவர்களுக்கு எவ்வளவு கோபம் வேண்டுமானாலும் வரட்டும், அக்கா. பாப்பாவை மட்டும் என்னிடமிருந்து பிரிக்காமல் பார்த்துக்கொள்.

முதலியார்பேட்டை வீட்டிலிருந்து,
உன் தங்கச்சி