உங்கள் வாயில் வேறொருவன் குரல்

அண்ணே,

நேற்று வீட்டு விசேஷத்துக்கு ரோஸ் சீராப் கலக்கினேன். பாட்டில் மூடியைத் திறந்ததும் அந்த வாடை மூக்கில் ஏறி எனக்குக் குமட்டிவிட்டது. "என்ன அண்ணி, இந்த வயசுலயா?" என்று நாத்தனார் சிரித்தாள். மற்றவர்களுக்கு அது குடிக்கிற தண்ணி, எனக்கு அது உங்கள் ரத்தம் என்று அவளிடம் எப்படிச் சொல்வது? கிண்ணத்தை நகர்த்தி வைத்துவிட்டு வெளியே போய் நின்றேன்.

நாம் நடித்த பேய்ப் படங்களில் ரத்தம் என்றால் அதுதானே. சீராப்பில் காப்பித்தூளைக் குழைத்து உங்கள் சட்டையில் ஊற்றுவார்கள். நான் பேய், நீங்கள் முதல் பலி. கதை எதுவானாலும் இந்த ஏற்பாடு மட்டும் மாறாது. வாரம் முழுக்க நீங்கள் கூலாயில் பேக்டரி பஸ் ஓட்டுவீர்கள், நானும் அதே பஸ்ஸில்தான் வேலைக்குப் போவேன். ஞாயிற்றுக்கிழமை வந்தால் செம்பனைக் காட்டுக்குள் உங்கள் கழுத்தை நெரிப்பேன். நீங்கள் செத்து விழுந்ததும் இனிப்பு வாடைக்குச் செவ்வெறும்பு வரிசை கட்டி வந்துவிடும். கேமரா ஓடுகிற வரைக்கும் இமைகூட அசையாது உங்களுக்கு. கட் சொன்ன பிறகுதான் துள்ளி எழுந்து கைலியை உதறுவீர்கள். "பேயம்மா, ஒன்னவிட இந்த எறும்புதான் லா நல்லா கொல்லுது" என்பீர்கள், எதற்கும் ஒரு 'லா' போட்டு.

அந்தக் குரல் எந்தப் படத்திலும் இல்லை. அதைச் சொல்லத்தான் இந்த மடல்.

படப்பிடிப்பில் நாம் பேசுவது எதுவும் படத்தில் வராது. எல்லாவற்றையும் பிறகு ஸ்டூடியோவில் திரும்பப் பேசிச் சேர்க்க வேண்டும். ஸ்டூடியோ கோலாலம்பூரில், அதுவும் வேலை நாளில். உங்களுக்கு லீவு கிடைக்காது. கிடைத்தாலும் டைரக்டர் கூப்பிட்டிருக்க மாட்டார். "நம்ம பேச்சு அங்க எடுபடாதுக்கா. தமிழ்நாட்டுல யாரும் படத்த வாங்க மாட்டாங்க" என்று என்னிடமே சொன்னார். ஆக, பெக்கோக் தோட்டத்தில் பிறந்த மனுஷன் வாயைத் திறந்தால் மதுரைக்காரன் மாதிரி ஒருவன் பேசுவான். எனக்கு அந்தத் தொல்லை இல்லை. பேய்க்கு வசனமே கிடையாது, அலறல் மட்டும்தான்.

முதல் தடவை அதைத் திரையில் கேட்டபோது எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. நீங்களோ கச்சான் கடலை கொறித்துக்கொண்டு, "விடு பேயம்மா, மொகம் நம்மளுதுதானே" என்றீர்கள். உங்கள் மேலும் எனக்குக் கோபம்தான் அண்ணே, மறைப்பானேன். ஒரு தடவையாவது சண்டை போட்டிருக்கலாம். நல்ல மனுஷன் என்று பெயர் வாங்கி என்ன கண்டீர்கள்? எவனோ ஒருவன் உங்கள் வாய்க்குள் குடியிருந்துவிட்டுப் போனான்.

கடைசிப் படத்தில்தான் உங்களைச் சாகடிக்கவில்லை. அப்பா வேடம். நான் செத்துப்போன மகள். பெக்கோக்கில் ஒரு பழைய வீட்டு ஜன்னல்களுக்குக் கறுப்புத் துணி கட்டி, பட்டப்பகலை இரவாக்கியிருந்தார்கள். உள்ளே அடுப்பு மாதிரிச் சூடு. ஈரச் சேலையோடு நான் வாசலில் வந்து நிற்க வேண்டும். 'மகளே, ஏன் இந்த வீட்டை விட்டுப் போக மறுக்கிறாய்?' என்று நீங்கள் நடுங்கிக்கொண்டே கேட்க வேண்டும். நீங்கள் டைரக்டரைக் கூப்பிட்டீர்கள்.

"தம்பி, செத்த புள்ள வீடு தேடி வந்திருக்கு. ஏன் வந்தேன்னு எந்த அப்பன் கேப்பான்?"

"வேற என்னண்ணே கேப்பான்?"

"கேமராவ ஓட விடுங்க. வாய்ல என்ன வருதோ அத சொல்றேன்."

கேமரா ஓடியது. நீங்கள் என்னைப் பார்த்தீர்கள். பயந்து நடுங்கவெல்லாம் இல்லை. தோளில் கிடந்த துண்டை எடுத்து நீட்டினீர்கள். "பசியாறிட்டியா பாப்பா? இப்படி நனஞ்சிக்கிட்டு வந்திருக்க. உள்ள வா லா, அம்மா தூங்குது, எழுப்பாத." அந்த 'எழுப்பாத' வருவதற்குள் உங்கள் தொண்டை அடைத்துவிட்டது. நான் அலற வேண்டிய இடம் அது. அலற வரவில்லை, அழுதுவிட்டேன். முகத்தில் பூசிய வெள்ளை மாவெல்லாம் வழிந்து கழுத்துக்கு வந்துவிட்டது. டைரக்டர் கட் சொல்ல மறந்து நின்றார். பிறகு உங்கள் கையைப் பிடித்து, "இத நீங்கதாண்ணே டப்பிங் பேசணும். சத்தியமா" என்றார்.

நீங்கள் அதை நம்பினீர்கள். நானும்தான். தேதி சொன்னார்கள், லீவு போட்டீர்கள். தினமும் பஸ்ஸில் ஏறும்போது தொண்டையைச் செருமி, "கொரல் ஓகேவா பேயம்மா?" என்று கேட்டு என் உயிரை வாங்கினீர்கள். அந்தத் தேதி வருவதற்குள் ஒரு காலையில், தெப்ராவில் எங்களை இறக்கிவிட்டு பஸ்ஸை ஓரமாக நிறுத்தியவர், ஸ்டீரிங் மேலேயே சாய்ந்துவிட்டீர்கள். அப்போதுகூட பஸ்ஸை ஒழுங்காகத்தான் நிறுத்தியிருந்தீர்களாம்.

காரியமெல்லாம் முடிந்த பிறகு அண்ணி என் கையைப் பிடித்துக்கொண்டு ஒன்றே ஒன்று கேட்டார். "அவரு பேசறத ஒரு தடவ கேக்கணும்மா." போனில் குரல் அனுப்புகிற பழக்கம் உங்களுக்குக் கிடையாது. எது கேட்டாலும் கட்டைவிரல் படம்தான். கல்யாண வீடியோக்களில் உங்கள் வாய் அசைகிறது, மேலே பாட்டு ஓடுகிறது. இத்தனை படத்தில் நடித்தவர் வீட்டில் அவர் குரல் இல்லை. நான் டைரக்டருக்குப் போன் போட்டேன்.

"வேற ஆள வச்சி பேசி முடிச்சாச்சிக்கா. என்ன செய்யறது, ரிலீஸ் இருக்குல்ல."

"அன்னிக்கு மைக்ல பதிஞ்சது இருக்குமே தம்பி. அத போடுங்க. இல்லாட்டி அண்ணிக்காவது குடுங்க."

"ஐயோ அலமாக், அது எப்பவோ அழிச்சிட்டோம். டிஸ்க்ல எடம் பத்தல. அதுல ஜெனரேட்டர் சத்தம்தான்கா கேட்டுச்சு."

இடம் பத்தவில்லையாம். ஒரு மனுஷன் தொண்டை அடைத்துப் பேசிய ஒரே பேச்சுக்கு இடம் பத்தவில்லை. என் வாயில் வந்ததை இங்கே எழுத முடியாது. அவர் போனை வைத்துவிட்டார்.

தெப்ராவில் படம் வந்தபோது அண்ணி போகணும் என்றார். வேண்டாம் என்று எவ்வளவோ சொன்னேன், கேட்கவில்லை. மொகத்தயாவது பாக்கறேன் என்றார். படம் தொடங்கும் முன் உங்கள் போட்டோவைப் பூவோடு காட்டி, கண்ணீர் அஞ்சலி என்று போட்டார்கள். அரங்கமே கைதட்டியது. எனக்கு எழுந்து நின்று கத்தலாம் போல இருந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

அந்தக் காட்சி வந்தது. துண்டை எடுத்து நீட்டுகிறீர்கள். உங்கள் வாய் உங்கள் பேச்சுக்குத்தான் அசைகிறது. அதன் மேல் அந்த டப்பிங்காரன் நெஞ்சு முட்டப் பேசுகிறான், 'மகளே, ஏன் இந்த வீட்டை விட்டுப் போக மறுக்கிறாய்?' என்று. பழைய வசனத்தையே போட்டுவிட்டார்கள். அண்ணி என் பக்கம் திரும்பி, "இது யாரும்மா?" என்று கேட்டார்.

என்னால் அடக்க முடியவில்லை. இருட்டில் வாய்விட்டே சொன்னேன். "பசியாறிட்டியா பாப்பா? இப்படி நனஞ்சிக்கிட்டு வந்திருக்க. உள்ள வா லா, அம்மா தூங்குது, எழுப்பாத." நீங்கள் இழுத்த இடத்தில் இழுத்தேன், அடைத்த இடத்தில் எனக்கும் அடைத்தது. பின்வரிசையில் ஒருவன் உஸ் என்றான். திரும்பி, "நீ வாய மூடுறா" என்றேன். அண்ணி கண்ணை மூடிக்கொண்டு, "இன்னொரு தடவ சொல்லு" என்றார்.

இப்போதும் வீட்டுக்கு வந்தால் கேட்கிறார். சொல்கிறேன். போன வாரம் சொன்னபோது கண்ணை மூடிச் சிரித்தார், "அப்படியே அவருதான்" என்றார். ஆனால் 'எழுப்பாத' என்பதை நீங்கள் எப்படி முடித்தீர்கள் என்று எனக்கே இப்போது மறந்துகொண்டு வருகிறது. முடிக்க வரும் இடத்தில் என் குரல்தான் வருகிறது. அண்ணிக்கு அது தெரியவில்லை. என்னிடம் மிச்சம் இருப்பது உங்களுடைய அந்த மூன்று வரிதான் அண்ணே, அதையும் ஒவ்வொரு தடவை சொல்லும்போதும் நானே கொஞ்சம் கொஞ்சமாக அழித்துக்கொண்டிருக்கிறேன்.