ரயில் கண்ணாடியில் ஓர் ஊமைப்படம்

மெல்பேர்ண்
12.8.1975

அன்பின் நாகேசுக்கு,

நான் சுகம். உன் சுகத்தையும் அண்ணர் வீட்டார் சுகத்தையும் எழுது. இங்கே குளிர் எலும்பைத் தின்கிறது. "இஞ்சாருங்கோ" என்று கூப்பிட ஆளில்லாத வீட்டில் ஹீட்டர் போட்டுத்தான் என்ன?

சனிக்கிழமை தேவாலய மண்டபத்தில் பழைய ஊமைப்படம் ஒன்று காட்டினார்கள். ஒரு தடியன் மனைவியோடு கடற்கரைக்கு விடுமுறை போகிறான். கார் பின்னால் உருளுகிறது, கூடாரம் பறக்கிறது, கயிற்றைப் பிடித்த மனைவி தண்ணீருக்குள் குப்புற விழுகிறாள். சனம் விழுந்து விழுந்து சிரித்தது. நானும் சிரித்தேன். பிறகு தை மாதம் நாம் போன கடற்கரை ஞாபகம் வந்தது. நாசமாய்ப் போன கூடாரம்! அதே கயிறு, அதே தண்ணீர். இருட்டுக்குள் அழுதுவிட்டேனடி.

ஒன்று கேட்க வேண்டும். நீ சிட்னிக்கு ஏறிய அன்று, ரயில் கண்ணாடிக்குள் உன் உதடு அசைந்தது. படத்தில் என்றால் பேசியதை எழுதிக் காட்டுகிறார்கள். எனக்கு யார் காட்டுவார்? "போட்டு வாறன்" என்றாயா, வெறும் "போறன்" என்றாயா? கதவைப் பூட்டும்போதெல்லாம் இதே யோசனைதான். திரும்பி "வாறன்" என்றிருந்தால் ஒரு வரி எழுது. அடுத்த ரயிலில் வந்து கூட்டிக்கொண்டு வருவேன்.

உன் பதிலைப் பார்த்திருக்கும்
விக்னராஜா

*

பென்டில் ஹில், சிட்னி
30.8.1975

திரு. விக்னராஜா அவர்களுக்கு,

கடிதம் கிடைத்தது. அண்ணரும் மச்சாளும் சுகம். நான் தையல் ஆலையில் வேலைக்குப் போகிறேன். பின்னேரத்தில் இங்கிலிஷ் வகுப்பு.

நீங்கள் ஒருநாள் பார்த்த ஊமைப்படத்தை நான் அங்கே வருஷக்கணக்காகப் பார்த்தேன். உங்கள் வேலையிடத்து ஆட்களின் வாய் அசையும், சிரிப்பார்கள். நானும் சும்மா பல்லைக் காட்டுவேன். அவர்களோடு போன கடற்கரையில் நான் விழுந்து, மூக்காலும் வாயாலும் உப்புத் தண்ணீர் வழிய எழும்பியபோது, நீங்கள் அவர்களிடம் இங்கிலிஷில் ஏதோ சொன்னீர்கள். இன்னும் பெரிதாகச் சிரித்தார்கள். "என்ன சொன்னனீங்கள்?" என்று கேட்டேன். "ஒண்டுமில்லை, உனக்கு விளங்காது" என்றீர்கள். வீடு வரும்வரை கேட்டேன். இந்தக் கடிதத்திலும் கூடாரம் இருக்கிறது, கயிறு இருக்கிறது; நீங்கள் சொன்னது மட்டும் இல்லை. எனக்கு அது இன்னும் வலிக்கிறது.

நீங்கள் கேட்டதை நான் ஒளிக்க மாட்டேன். அன்று சொன்னது "போட்டு வாறன்" தான். விளங்கவில்லையென்றால் கண்ணாடியில் தட்டிக் கேட்டிருக்கலாமே! திரும்பவும் சொன்னேன். நீங்கள் மணிக்கூட்டைப் பார்த்துக்கொண்டு நின்றீர்கள்.

இம்முறை உங்களுக்கு விளங்கும்படி எழுதியே காட்டுகிறேன்.

போறன்.

நாகேஸ்வரி