ஆளில்லாத அறையில் சூப் வேகாது

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதுவது. இங்கே நானும் அப்பாவும் நலம் என்று எழுதினால் நீ நம்பப் போவதில்லை. அதனால் அந்த வரியை விட்டுவிட்டேன். நீயும் உன் மனைவியும் பிள்ளையும் நன்றாக இருக்க வேண்டும். இதை மட்டும் வயிற்றெரிச்சலோடு எழுதவில்லை, மனதாரத்தான் எழுதுகிறேன்.

ஞாயிற்றுக்கிழமை காலை வந்து, மதிய ரயிலில் அப்பாவை உன் வீட்டுக்கே கூட்டிக்கொண்டு போகப்போவதாக அத்தையிடம் சொல்லியிருக்கிறாய். அத்தை என்னிடம் சொன்னாள். என் நம்பர் உன் போனில் அழிந்துபோய்விட்டதா என்று தெரியவில்லை. சரி, நான் கூப்பிட்டாலும் நீ குறுக்கே பேசுவாய், நான் கத்துவேன், அப்பா உள்ளேயிருந்து யாரோடு சண்டை என்று கேட்பார். கடிதம் என்றால் நான் சொல்லி முடிக்கும்வரை நீ பேசாமல் கேட்டுத்தானே ஆக வேண்டும்.

நீ அனுப்பிய ஸ்லோ குக்கரை, அந்தக் கரண்டுப் பானையைப் பற்றித்தான் பேச வேண்டும். அதற்கு நான் ஆமை என்று பேர் வைத்திருக்கிறேன். யோசனை நல்ல யோசனைதான், இல்லையென்று சொல்லவில்லை. அப்பாவுக்குப் பல்லெல்லாம் எடுத்தபிறகு கறி மெல்ல முடியவில்லை. வெறும் வயிற்றோடு வருகிறவர்களுக்கு ஊசி குத்தி ரத்தம் எடுக்க நான் விடியும்போதே லேபில் இருக்க வேண்டும். காலையில் கறியையும் காய்களையும் போட்டு சுவிட்சைத் தட்டிவிட்டுப் போனால், மாலையில் வரும்போது கறி பஞ்சாக வெந்திருக்கும், அப்பா இரண்டு கிண்ணம் குடிப்பார் என்று உன் மனைவி செய்முறை எல்லாம் எழுதி வைத்திருந்தாள். நானும் அப்படியே செய்தேன்.

மாலையில் வந்து மூடியைத் திறந்தால், கறி போட்டது போட்டபடி கிடக்கிறது. தண்ணீரில் சூடே ஏறவில்லை. சிவப்பு விளக்கு மட்டும் ஜம்மென்று எரிகிறது. நாள் முழுக்க அப்படிக் கிடந்த கறியை எப்படிக் கொடுப்பது? கொட்டினேன். அவசரமாக வேறு எதையாவது அடுப்பில் ஏற்றி இறக்குவதற்குள் அவர் பாலைக் குடித்துவிட்டுப் படுத்துவிடுவார். மறுநாளும் அதே கதை. அதற்கு அடுத்த முறையும் அதே கதை. ஓட்டை வண்டியை நம் தலையில் கட்டிவிட்டார்கள் என்று உனக்குப் போன் செய்து சொன்னேன். கோபமாகத்தான் சொன்னேன்.

நீ கம்பெனி ஆளை அனுப்பினாய். அவன் வந்து, பானையில் தண்ணீர் ஊற்றி, அப்பாவோடு கதையடித்தபடி சமையலறையிலேயே உட்கார்ந்திருந்தான். தண்ணீர் நன்றாகச் சூடேறியது. மெஷினில் குறையில்லை என்று எழுதிக் கொடுத்துவிட்டுப் போனான். அப்புறம் வீடியோ காலில் நீ அப்பாவிடம் கேட்டாய். அவர் தன் பாட்டுக்கு, அடுப்பு பற்றவே இல்லை, கறி பச்சையாகவே கிடக்கிறது, நான் பாலைக் குடித்தேன் என்று சொன்னார். அவர் சொன்னதில் ஒரு வார்த்தை பொய்யில்லை. அந்த போனில் அவருடைய கழுத்தெலும்பைப் பார்த்தாய். போதாதா? அக்கா பிளக்கே போடுவதில்லை, போட்டேன் என்று புளுகுகிறாள் என்று முடிவுகட்டிவிட்டாய்.

அத்தையை வேவு பார்க்க அனுப்பியது யார் என்று நான் கேட்கவில்லை. நான் லேபில் இருக்கும்போது வந்து, மூடியைத் திறந்து, மிதக்கிற பச்சைக் கறியைப் படம் எடுத்துச் சொந்தக்காரர்கள் எல்லாருக்கும் அனுப்பினாள். ஊரார் ரத்தத்தையெல்லாம் உறிஞ்சுகிறவள், பெற்ற அப்பனுக்கு ஒரு சொட்டு ரத்தம் ஊறவிடமாட்டேன் என்கிறாளே என்று சொன்னாளாம். பிள்ளை குட்டி பெற்றிருந்தால் பசியின் அருமை தெரிந்திருக்கும் என்றும் சொன்னாளாம். அதற்கு நீ என்ன பதில் சொன்னாய் என்று விசாரித்தேன். ஒன்றும் சொல்லவில்லையாம். அதைத்தான் தம்பி, என்னால் இன்னும் மறக்க முடியவில்லை.

போன வாரம் எனக்குக் காய்ச்சல். ஆமையில் வழக்கம்போலப் போட்டுவிட்டுக் கிளம்பப் பார்த்தேன், முடியவில்லை. லேபுக்குச் சொல்லிவிட்டு என் அறையில் கதவைச் சாத்திப் படுத்துவிட்டேன். அப்பா நான் வேலைக்குப் போய்விட்டதாக நினைத்துக்கொண்டார். கொஞ்ச நேரத்தில் செருப்புச் சத்தம் சமையலறைப் பக்கம் போனது. டக் என்று ஒரு சத்தம். எழுந்து போய்க் கதவிடுக்கில் பார்த்தேன். ஆமையின் சுவிட்சை அணைத்துவிட்டு நின்றுகொண்டிருக்கிறார். தனக்குத்தானே சொல்லிக்கொள்கிறார்: "ஆளில்லாத ரூம்ல எதுக்குக் கரண்டு?"

உனக்கு இதை நான் விளக்க வேண்டுமா? சர்வீஸ் முழுக்க வீடு வீடாகப் போய்க் கரண்டு மீட்டர் பார்த்த மனிதர். நாம் குளித்துக்கொண்டிருக்கும்போதே விளக்கை அணைத்துவிட்டு, உள்ளேயிருந்து நாம் அலறினால், சத்தம் இல்லையே, ஆள் இல்லையென்று நினைத்தேன் என்பார். ஃபிரிட்ஜ் பிழைத்திருப்பது அதன் சுவிட்ச் பின்பக்கம் கைக்கு எட்டாத இடத்தில் இருப்பதால்தான். இப்போது அவருக்குப் பல விஷயம் மறந்துபோகிறது, இது மட்டும் மறக்கவில்லை. ஆள் இருந்தால் எரியலாம், ஆள் இல்லாவிட்டால் அணைக்க வேண்டும்.

அப்படியானால் நான் வரும்போது சிவப்பு விளக்கு எப்படி எரிந்தது என்று நீ கேட்பாய். நானும் அதைத்தான் யோசித்தேன். அன்று மாலை பின்வாசல் வழியாக வெளியே போய், சுற்றிவந்து, முன்பக்க கேட்டைச் சத்தமாகத் திறந்துவிட்டு ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தேன். காய்ச்சலோடு சொந்த வீட்டில் திருடியைப் போல நின்றேன். கேட் சத்தம் கேட்டதும் அப்பா நாற்காலியைப் பிடித்து எழுந்தார். அவசர அவசரமாக நடந்துபோய்ச் சமையலறை விளக்கைப் போட்டார். பக்கத்திலிருந்த ஆமையின் சுவிட்சையும் போட்டார். எனக்காகத்தான். நான் வந்து நிற்கப்போகிற அறை இருட்டாக இருக்கக்கூடாது என்று.

எத்தனையோ வருஷமாக நான் வரும்போது அந்த விளக்கு எரிந்துகொண்டிருக்கிறது. அதுவாக எரிகிறது என்று நினைத்திருந்தேன்.

உடனே உனக்குப் போன் செய்தேன். மூச்சிரைக்கச் சொன்னேன். நீ முழுசாகக் கேட்காமலே சொன்னாய்: "அக்கா, உன் தப்பை மறைக்க இப்ப அப்பா மேலயே பழி போடாத." உனக்கு நடை பழக்கிவிட்ட கையால் போனை வைத்தேன், அவ்வளவுதான்.

நீ நம்பாவிட்டாலும் அவருக்கு வயிறு என்று ஒன்று இருக்கிறதே. அடுத்த நாள் ஆமையைத் தூக்கிக்கொண்டுபோய் அவருடைய அறையிலேயே, நாற்காலிக்குப் பக்கத்தில் ஒரு ஸ்டூலில் வைத்தேன். சுவிட்சைப் போட்டுவிட்டு ஒன்றும் சொல்லாமல் வேலைக்குப் போனேன். அன்று எத்தனை பேருக்கு நரம்பு தேடிக் குத்தினேனோ, என் நினைப்பு முழுக்க அந்த ஸ்டூலில்தான் இருந்தது. மாலையில் கேட்டைத் திறக்கும்போதே வாசனை தெருவரைக்கும் வந்துவிட்டது. அப்பா ஆமையின் பக்கத்தில் பாராக்காரனைப் போல உட்கார்ந்திருக்கிறார். சமையலறை விளக்கைப் போட எழுந்து போகக்கூட மனமில்லை. அணைக்கவில்லையா என்று கேட்டேன். "ஆள்தான் நான் இருக்கேன்ல, எரியட்டும்னு விட்டுட்டேன்" என்றார்.

கறி எலும்பைவிட்டுத் தானாகக் கழன்றது. இரண்டு கிண்ணம் குடித்தார். ரொட்டியைத் தோய்த்துத் துடைத்துச் சாப்பிட்டார். வாயைத் துடைத்துக்கொண்டு கேட்ட முதல் கேள்வி, தம்பிக்கு எடுத்து வைத்தாயா என்பது. நான் சாப்பிட்டேனா என்று கேட்கவில்லை. எனக்குச் சிரிப்புத்தான் வந்தது, பிறகு சிரிப்பு நின்றுவிட்டது. அன்றிலிருந்து தினமும் குடிக்கிறார். கன்னம் கொஞ்சம் உப்பியிருக்கிறது. படம் எடுத்து அனுப்பலாம் என்று நினைத்தேன். அத்தை செய்த வேலையை நானும் செய்ய வேண்டுமா என்று விட்டுவிட்டேன்.

இனி ஞாயிற்றுக்கிழமை விஷயத்துக்கு வருகிறேன். அன்று நான் வீட்டில் இருக்கமாட்டேன். லேபில் டியூட்டி கேட்டு வாங்கிக்கொண்டேன். சாவி வழக்கமான இடத்தில் இருக்கும். கறியும் காய்களும் வெட்டி ஃபிரிட்ஜில் தனித்தனி டப்பாவில் வைத்திருப்பேன். நீயே சூப் வைக்க வேண்டும். கறியை முதலில் வாணலியில் கொஞ்சம் எண்ணெய் விட்டு நான்கு பக்கமும் சிவக்கப் புரட்டு. அதே வாணலியில் வெங்காயத்தையும் பூண்டையும் வதக்கு. ஆமையின் அடியில் உருளைக்கிழங்கும் கேரட்டும் போக வேண்டும். சூடு அடியிலிருந்தும் பக்கத்திலிருந்தும் வருவதால் கெட்டியான காய்தான் கீழே. அதன்மேல் கறி, அதன்மேல் ஊறவைத்த பார்லி ஒரு பிடி, மிளகு. மூழ்குகிற அளவு வெந்நீர், அதற்குமேல் ஒரு சொட்டு வேண்டாம். உப்பும் தக்காளியும் பட்டாணியும் கறி வெந்தபிறகு. உன் மனைவி எழுதியிருந்த பாக்கெட் சூப் பொடி வேண்டாம், அது எல்லாக் கறியையும் ஒரே ருசியாக்கிவிடுகிறது.

கேரட்டை நான் பெரிது பெரிதாக வெட்டியிருப்பேன். அழகுக்காகப் பொடியாக நறுக்கிவிடாதே. கரண்டியில் வருவது இன்னதென்று கண்ணுக்குத் தெரியாவிட்டால் அப்பா வாயில் வைக்கமாட்டார். மூடியைத் திறந்து திறந்து பார்க்காதே. திறந்தால் அவ்வளவு நேரம் சேர்ந்த சூடும் போய்விடும், அவரும் உன் கையில் ஒன்று போடுவார். எனக்குப் போட்டிருக்கிறார்.

மதியத்துக்குள் வேகாது தம்பி. ஆமை உன் ரயிலுக்காக ஓடாது. மாலை ஆகும். அதுவரை அந்த அறையில் அவர் பக்கத்தில் உட்கார்ந்திரு. போனை எடுத்துக்கொண்டு மொட்டைமாடிக்குப் போகாதே. பேச்சு எதுவும் இல்லையென்றால் பேசாமல் இரு, அவர் கோபித்துக்கொள்ளமாட்டார். மீட்டர் பார்க்கப் போன இடத்தில் நாய் துரத்திய கதையைச் சொல்வார். பத்து முறை கேட்ட கதைதான். பதினோராவது முறையும் நாய் எந்தப் பக்கத்திலிருந்து வந்தது என்று கேள். மாலையில் அவரோடு உட்கார்ந்து ஒரு கிண்ணம் குடி. தம்பிக்கு எடுத்து வைத்தாயா என்று அன்று ஒரு நாளாவது அவர் கேட்காமல் இருக்கட்டும்.

அதற்குப் பிறகும் கூட்டிக்கொண்டு போக வேண்டும் என்று தோன்றினால் ராத்திரி ரயிலில் கூட்டிக்கொண்டு போ. நான் வழிமறிக்க வரமாட்டேன். நீயும் பெற்ற பிள்ளைதான். ஆனால் ஒன்று மட்டும் யோசி. நீங்கள் இரண்டு பேரும் வேலைக்குப் போய்விடுவீர்கள், பிள்ளை பள்ளிக்கூடம் போய்விடுவான். ஆமையைச் சமையலறையில் வைத்துவிட்டுப் போனால் அவர் அணைத்துவிடுவார். அங்கே யாரைப் புளுகி என்பாய்? ஆமையை அவருடைய பையோடு கட்டி வைத்திருக்கிறேன் என்று நினைக்காதே. ஸ்டூலில்தான் இருக்கிறது. எடுத்துக்கொண்டு போவதாக இருந்தால் அந்த ஸ்டூலையும் சேர்த்து எடுத்துக்கொண்டு போ. அவருக்கு அந்த உயரம் பழகிவிட்டது.

கிளம்புவதற்கு முன்னால் அவர் ஒவ்வோர் அறையாகப் போய் விளக்கை அணைப்பார். ரயிலுக்கு நேரமாகிவிட்டது என்று அவசரப்படுத்தாதே. நிதானமாக அணைக்கட்டும்.

டியூட்டி முடிந்து நான் திரும்பி வரும்போது இருட்டியிருக்கும். தெருமுனையிலிருந்தே அப்பா அறை ஜன்னல் தெரியும், உனக்குத் தெரியுமே. யாரும் எனக்குப் போன் செய்து எதுவும் சொல்ல வேண்டாம். ஜன்னலில் விளக்கு எரிகிறதா என்று பார்த்தாலே எனக்குத் தெரிந்துவிடும். ஆனாலும் கேட்டை எப்போதும்போலச் சத்தமாகத்தான் திறப்பேன்.

பத்திரமாக வந்து சேர். நீயும் உன் குடும்பமும் குறையில்லாமல் இருக்க வேண்டும்.

உன் அக்கா