கர்லாக்கட்டை சுழற்றிய வெள்ளைக்காரிகள்

ஹரோ,
12.3.1994

அன்புள்ள மருமகளுக்கு,

ஈரேழு உலகத்திலும் ஒருவரும் நம்பாத கதையொன்றைச் சத்தியம் பண்ணிச் சொல்லப்போகிறேன்.

சனிக்கிழமை மத்தியானம் நூலக மண்டபத்தில் எண்பது வருடப் பழைய ஊமைப்படம் ஒன்று காட்டினார்கள். அரைக் காற்சட்டை போட்ட முப்பது வெள்ளைக்காரிகள் கர்லாக்கட்டை சுழற்றினார்கள். அந்தக் காற்றில் மண்டபத்துக் கூரை கழன்று லண்டனின் மறுகோடியிலுள்ள சட்டன்வரை பறந்தது! ஒருத்தி திரையிலிருந்து இறங்கி, படத்துக்குப் பியானோ வாசித்தவனைப் பியானோவோடு சேர்த்துத் தூக்கினாள்.

பக்கத்திலிருந்த குகதாசன் கேட்டான்: "அண்ணை, உங்கட மருமகளும் பள்ளிக்கூட ஜிம்மில பாரம் தூக்கினவள் எல்லோ? ஏன் விட்டவள்?"

"அவளுக்கு அலுத்துப்போச்சு" என்றேன், வாய் கூசாமல்.

பாரம் தூக்க விடாமல் உன் அப்பாதான் மறித்தார் என்று ஒன்பது வருடமாக நீ அவரோடு பேசுவதில்லை. ஏன் மறித்தார் என்று அவரும் உனக்குச் சொல்லவில்லை. நல்ல மனிதர். என்னைக் காட்டிக்கொடுக்காத அளவுக்கு நல்லவர்.

கூரையும் பியானோவும் என் புளுகு. ஆனால் அந்த வருடம் கிங்ஸ்பரிக் கலியாண வீட்டில், சபை நடுவே நான் ஒரு பகிடி விட்டேன்: "என்ர மருமகளுக்கு மாப்பிள்ளை பாக்கிறவை கவனம்! தாலி கட்ட முந்தி அவனைத் தூக்கி எறிஞ்சுபோடுவாள்." எல்லாரும் சிரித்தார்கள். அப்பா தலை குனிந்தார். அடுத்த நாள்தான் உன்னை மறித்தார்.

அது மட்டும் உண்மை, பிள்ளை.

இப்படிக்கு,
உன் அம்மாவின் தம்பி