நஸ்ரினின் தட்டுகள்

பிரிக்பீல்ட்ஸ்,
ஞாயிறு காலை

அன்புள்ள நஸ்ரின்,

நாகூரில் நீயும் உன் உம்மாவும் சுகமாக இருக்க வேண்டும். சேதியை முதலில் சொல்லிவிடுகிறேன். நீ சொன்னதுதான் சரி. அந்த நீலச் சாயம் மரபணுவை மாற்றுகிறது. வெள்ளிக்கிழமை நம் லேப் அதை எழுத்தில் ஒப்புக்கொண்டது.

உன் சோதனைத் தட்டுகளில் பாக்டீரியா மண்டியதும், நம் லேப் சதீஷ்குமார் அதே சோதனையைத் திரும்பச் செய்தபோது வழக்கத்துக்கு மேல் வளராததும் உனக்குத் தெரியும். உன் கை சுத்தமில்லை, வெளிக்கிருமி தட்டில் புகுந்துவிட்டது என்று ஒப்பந்தத்தை நீட்டிக்காமல் அனுப்பிவிட்டார்கள். எனக்கு மனசு ஆறவில்லை. எந்த ஈரல் சாறு ஊற்றினீர்கள் என்று சதீஷிடம் கேட்டேன். ஹாம்ஸ்டர் ஈரல் சாறு தீர்ந்துபோனதால் எலி ஈரல் சாற்றை ஊற்றினாராம். "ஈரல் ஈரல்தானே லா" என்றார். இந்த வகைச் சாயத்தை ஹாம்ஸ்டர் ஈரல்தான் சரியாக உடைத்து, உள்ளிருக்கும் விஷத்தை வெளியே கொண்டுவரும் என்று நீ எத்தனை முறை சொல்லியிருப்பாய்!

மறுபடி சோதிக்கச் சொன்னால், சாயக் கம்பெனிக்காரர்கள் அவசரப்படுகிறார்கள் என்று நம் லேப் தலைவர் டாக்டர் பக்தவத்சலம் இழுத்தடித்தார். நான் விடவில்லை. கடைசியில் புது ஹாம்ஸ்டர் சாறு வந்ததும், ஒரே ஒரு முறை என்று சம்மதித்தார்.

உன்னிடம்கூடச் சொல்லாத ஒன்று உண்டு. என் அம்மா கேரி தீவுத் தோட்டத்தில் களைமருந்து அடிக்கிறார். அடித்த இடம் தெரிவதற்காக அந்தச் சாயத்தை அவர்கள் மருந்தில்தான் முதலில் கலந்து பார்த்தார்கள். அதனால் தட்டுகளை எண்ணுவதில் என் கண்ணையே நான் நம்பவில்லை. எது சாயம், எது தீங்கில்லாத நீல நிறம் கலந்த வெறும் தண்ணீர் என்று எனக்குத் தெரியாதபடி நம் லேப் லோகனை எண் போட வைத்தேன்.

என்ன சோதனை என்று அம்மா போனில் விசாரித்தார். ஒரு சத்து இல்லாமல் வளர முடியாத பாக்டீரியாவை அந்தச் சத்து இல்லாத தட்டில் விடுவோம், சாயம் அதன் மரபணுவை மாற்றினால் பட்டினியிலும் வளர்ந்துவிடும் என்றேன். "சோறு போடாமலே வளருதா? எங்கள வேலை வாங்குற மண்டோருகிட்ட சொல்லிடாதே, எங்களுக்கும் அதையே செய்வாரு" என்று சிரித்தார்.

தட்டுகளை எடுத்தபோது சிலவற்றில் ஜவ்வரிசி கொட்டினாற்போல் அப்பிக்கிடந்தது. எண்ணி முடித்த பிறகு லோகன் குறிப்பைப் பிரித்தான். அப்பிக்கிடந்ததெல்லாம் சாயமும் ஹாம்ஸ்டர் ஈரலும் சேர்ந்தவை. ஒன்றுகூடத் தப்பவில்லை. டாக்டர் தானே உட்கார்ந்து மறுபடி எண்ணினார். சாயத்தை வெளியில் வேறொரு லேபுக்கும் அனுப்பினார். அங்கும் அதே முடிவு.

வெள்ளிக்கிழமைக் கூட்டத்தில் எல்லார் முன்னாலும் சொன்னார்: "நஸ்ரின் கை சுத்தம். நாமதான் அவசரப்பட்டோம்." சதீஷ் எழுந்துபோய் எல்லாருக்கும் வாழைப்பழம் பொரித்த பீசாங் கோரெங் வாங்கிவந்தார். உனக்கென்று ஒரு பொட்டலம் தனியாக எடுத்து வைத்தார். அதை நான் தின்றுவிட்டேன்.

கம்பெனி சாயத்தைத் திரும்பப் பெற்றுக்கொண்டது. மிச்சமிருந்த டிரம்களை லோரியில் ஏற்றிக்கொண்டு போனதை அம்மா நின்று பார்த்தாராம்.

அவர் நகக்கண்ணில் நீலம் இன்னும் இருக்கிறது. பாக்டீரியாவுக்கு நடந்தது மனிதருக்கும் நடந்தே தீரும் என்று இந்தச் சோதனை சொல்லாது. உனக்கு இதை நான் சொல்ல வேண்டியதில்லை. எனக்குத்தான் பக்கத்தில் இருந்து யாராவது சொல்லிக்கொண்டே இருக்க வேண்டும்.

புது ஒப்பந்தத்தை டாக்டர் மின்னஞ்சலில் அனுப்பியிருக்கிறார். உன் வெள்ளை மேலங்கியைத் துவைத்து வைத்திருக்கிறேன். நம் அறையில் உன் சன்னலோரக் கட்டிலை யாருக்கும் கொடுக்கவில்லை. வந்துவிடு.

உம்மாவுக்கு என் சலாம். உன் கைகளுக்கு ஒரு குறையும் வராதிருக்கட்டும்.

உன்,
வாணி