எடை கூடிய ஞாயிற்றுக்கிழமைகள்

அன்புள்ள சுண்டெலிக்கு,

பார்சல் ஆபீஸ் சக்கரவர்த்தியும், பதினெட்டாயிரம் அட்டைப்பெட்டிகளின் ஏகபோக அதிபதியும், சிறுவயதில் உன்னைத் தூக்கித் தூக்கியே ஒரு பக்கத் தோள் நிரந்தரமாகச் சாய்ந்துபோனவனுமாகிய உன் சித்தப்பா எழுதுவது. நீ அங்கே சுகமாக இருக்கவேண்டும், இது ஆசி இல்லை, அரச கட்டளை. எங்கள் சுகத்தைப் பற்றித்தான் இந்தக் கடிதமே, அதை முதல் வரியில் சொல்லி முடிக்க முடியாது, அதனால் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து படி. போனில் சொல்லியிருக்கலாமே என்பாய். உன் அம்மாவின் காது தெரியாதா உனக்கு, அடுத்த தெருவில் எறும்பு தும்மினால் இங்கிருந்தே கஷாயம் சொல்லுகிற காது. அதனால்தான் பார்சல் சீட்டு எழுதுவதுபோல் கவுண்டரில் குனிந்துகொண்டு இதை எழுதுகிறேன். உன்னிடம் சொல்லமாட்டேன் என்று அண்ணிக்குச் சத்தியம் செய்து கொடுத்திருக்கிறேன். அண்ணன் போனபோது உனக்கு ஐந்து வயது, அன்றிலிருந்து அப்பா உத்தியோகமும் என் தலையில்தான், அந்த உத்தியோகத்துக்காக இன்றைக்குச் சத்தியத்தை மீறுகிறேன்.

அம்மாவுக்கு ஆபரேஷன் முடிந்தது, கீமோ முடிந்தது, கட்டி போய்விட்டது, இனி மூன்று வாரத்துக்கு ஒரு ஊசி, ஒரு வருஷம், அவ்வளவுதான் என்று உன்னிடம் சொன்னோம் இல்லையா, அதில் ஒரு எழுத்துகூடப் பொய் இல்லை. சொல்லாமல் விட்டது ஒன்று உண்டு. கீமோ முடிந்த அன்றைக்குப் புற்றுநோய் டாக்டர் எங்களை உட்காரவைத்து, "ஏற்கெனவே கீமோவில ஏத்தின சிவப்பு மருந்தும் சரி, இனிமே போடப்போற ஊசியும் சரி, சில பேருக்கு இதயத்தோட பம்ப்பை பலவீனமாக்கிடும், வெளியே ஒண்ணும் தெரியாது, அதனால மூணு மாசத்துக்கு ஒரு தடவை இதயத்துக்கு எக்கோ எடுத்தே ஆகணும்" என்று சொன்னார். முதல் எக்கோவில் அறுபத்திரண்டு சதவீதம், பிரமாதம் என்றார்கள். இரண்டாவது எக்கோவுக்கு நாங்கள் போகவில்லை. உன் அம்மா, "நோவு மாரில, ஸ்கேன் இதயத்துக்கா? அந்த மிஷினு சும்மா கிடக்குதுன்னு கூப்பிடறாங்க தம்பி, எனக்கு வேலை கிடக்கு" என்றார். நான் என்ன செய்தேன் தெரியுமா, கைதட்டிச் சிரித்தேன். சரிதான் அண்ணி, அதான் எடை ஏறிட்டே போகுதே, அப்புறம் என்ன, என்றேன்.

இந்த எடைக் கதைதான் உனக்குத் தெரியவேண்டியது. கீமோவில் அண்ணி அறுபத்தொன்றிலிருந்து நாற்பத்தேழு கிலோவுக்கு வந்துவிட்டார், மின்விசிறி போட்டால் ஜன்னல் வழியே பறந்து போய்விடுவாரோ என்று நான் பயந்த காலம் அது. அப்போது ஒரு வழக்கம் ஆரம்பித்தோம். ஞாயிற்றுக்கிழமை காலை, ஆபீஸ் திறக்கும் முன், அவரை மூட்டை நிறுக்கிற எடை மெஷினில் ஏற்றுவேன், முதுகில் 'கவனமாகக் கையாளவும்' ஸ்டிக்கர் ஒன்றை ஒட்டுவேன், அவர் என்னைத் திட்டுவார், வேன் டிரைவர் எண்ணை உரக்கக் கூவுவான், நான் மார்க்கர் பேனாவால் சுவரில் எழுதுவேன். நாற்பத்தெட்டு. நாற்பத்தெட்டரை. நாற்பத்தொன்பது. அரை கிலோ ஏறினாலும் நாட்டைப் பிடித்த மாதிரி கொண்டாட்டம். போன மாதம் திடீரென்று ஒரே வாரத்தில் இரண்டு கிலோ, அடுத்த வாரம் மூன்று. நான் கேக்குக்கே ஆர்டர் கொடுத்துவிட்டேன். அதே மாதம்தான் அண்ணி மாடிக்குப் பதினேழு படி ஏற நடுவில் இரண்டு தரம் கைப்பிடியைப் பிடித்து நின்றார், கேட்டால் படி துடைச்சிருக்காங்களான்னு பாக்கறேன் என்றார். படுக்கும்போது தலைக்கு உயரம் போதவில்லையென்று தலையணை ஒன்று மூன்றாயிற்று. செருப்பு கடிக்கிறதென்று சித்தியின் பெரிய செருப்பைப் போட்டுக்கொண்டார். தட்டில் வைத்ததில் பாதியைத் திருப்பிக் கொடுத்தார். சாப்பாடு குறைகிறது, எடை ஏறுகிறது, இதைப் பார்த்துக்கொண்டே சுவரில் எழுதியிருக்கிறேன் நான். உள்ளே ஒன்றும் வைக்காத பெட்டி கனத்தால் சந்தேகப்படுவதுதானே என் பிழைப்பே. முப்பது வருஷமாக எவன் பெட்டியையும் தட்டிப் பார்க்காமல் வாங்கியதில்லை, சொந்த அண்ணியை மட்டும் தட்டிப் பார்க்கவில்லை.

கேக் வெட்டிய அன்றைக்குக் கதவைத் தட்டிக்கொண்டு ஒரு அம்மாள் வந்தார், பேரனுக்குப் புத்தகப் பார்சல் அனுப்ப. ஓய்வு பெற்ற நர்ஸ். மகிழ்ச்சி மிகுதியில் அவருக்கும் ஒரு துண்டு கொடுத்து, எங்கள் மகாராணியார் இரண்டே வாரத்தில் ஐந்து கிலோ ஏறியிருக்கிறார் என்று பிரகடனம் செய்தேன். அவர் கேக்கை வாயில் வைக்கவில்லை. அண்ணியின் காலடியில் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, கணுக்காலுக்கு மேலே கட்டைவிரலை வைத்து அழுத்தி, எடுத்தார். குழி அப்படியே நின்றது, மாவில் விரல் வைத்த மாதிரி. நாங்கள் எல்லாரும் அந்தக் குழி மூடுமா என்று பார்த்துக்கொண்டே நின்றோம். "இது சதை இல்லீங்க, தண்ணி. கீமோ எடுத்தவங்களா? அப்ப இப்பவே கிளம்புங்க, நாளைக்குன்னு சொல்லாதீங்க" என்றார். அண்ணி, "முதல்ல உங்க பார்சலைப் போட்டுட்டுப் போறேன்" என்று பேனாவைத் தேடினார். தேடும்போதே மூச்சு வாங்கியது.

நாலு நாள் ஆஸ்பத்திரியில் வைத்திருந்தார்கள். நீ போன் செய்தபோது டவர் கிடைக்கவில்லை என்று சொன்னது அந்த நாலு நாள்தான். அறுபத்திரண்டாக இருந்த பம்ப் இப்போது முப்பத்தெட்டு. நீர் இறங்க மாத்திரை, இதயத்துக்கு மூன்று மாத்திரை, உப்பு அறவே கூடாது, சித்தி உப்பு டப்பாவை என் பீரோவில் பூட்டி வைத்திருக்கிறாள். ஊசியை நிறுத்திவிட்டார்கள். இதய டாக்டர், "ஊசியால வந்த பலவீனம்னா பெரும்பாலும் திரும்பி வந்துடும், சிவப்பு மருந்தால வந்ததுன்னா அவ்வளவு உறுதியாச் சொல்ல முடியாது, எது எவ்வளவுன்னு பிரிச்சுப் பாக்க முடியல, ஆறு வாரம் கழிச்சு எக்கோ எடுப்போம்" என்கிறார். புற்றுநோய் டாக்டரோ, ஊசியை ரொம்ப நாள் நிறுத்திவைத்தால் போன நோய் திரும்ப வழி கேட்கும் என்கிறார். நீ பாலம் கட்டுகிறவள், தூண் தாங்குமா தாங்காதா என்று கணக்குப் போடத் தெரிந்தவள், எனக்கு இது விளங்கவே இல்லை. ஊசி போட்டால் இதயம் போகும், போடாவிட்டால் அது வரும், நடுவில் ஆறு வாரம், அதில் பத்து நாள் போயாயிற்று. மருந்து என்று பெயர் வைத்த ஒன்றை ஏற்றும்போது நான் பக்கத்தில் உட்கார்ந்து சொட்டு எண்ணி, சீக்கிரம் இறங்கு சீக்கிரம் இறங்கு என்று அதை விரட்டிக்கொண்டிருந்தேன், சுண்டெலி.

நீ அழாதே, அழுதால் அங்கே ஆற்றில் வெள்ளம் வந்து உன் பாலத்துக்குத்தான் கேடு. இதைப் படித்த கையோடு பதறிப்போய்ப் போன் செய்யாதே. நேரத்துக்குச் சாப்பிடு, உயரத்தில் வேலை செய்யும்போது என்னை நினைக்காதே, கீழே பார். சனிக்கிழமை வழக்கம்போல் கூப்பிட்டு, ஏதாவது கிறுக்குத்தனம் செய்ததாகச் சொல்லி அம்மாவிடம் திட்டு வாங்கு. முன்பெல்லாம் உன் தலைமுடியில் ஆரம்பித்து, என் வளர்ப்பு வழியாக, நம் பரம்பரையில் ஏழு தலைமுறையையும் ஒரே மூச்சில் துவைத்துக் காயப்போடுவாரே. இப்போது எத்தனை சொல்லுக்கு ஒருமுறை மூச்சு வாங்க நிறுத்துகிறார் என்று எண்ணிக்கொள். முந்தாநாள் வேன் டிரைவரைத் திட்டும்போது எட்டு. நேற்று ஏழு. சனிக்கிழமை அதைவிடக் குறைந்திருந்தால் ஆறு வாரம் பார்க்காதே, மேலதிகாரியிடம் சொல்லிவிட்டுக் கிளம்பு, என்னைக் கேட்கவேண்டாம்.

நூறு வயது குறையாமல், கால் வழுக்காமல், நல்ல மூச்சோடு வாழ்வாயாக. மறந்துவிடாதே, சனிக்கிழமை.

இப்படிக்கு,
உன்னைத் தவிர வேறு பிரஜைகள் இல்லாத சக்கரவர்த்தி,
சித்தப்பா

பி.கு.: ஒட்டப்போகும் நேரத்தில் அண்ணி கவுண்டருக்கு வந்து நின்றுவிட்டார். கடிதத்தைப் பிடுங்கவில்லை, படிக்கவும் இல்லை. "தம்பி, அவளுக்குன்னா, நான் நல்லா" என்று சொல்லி, மேஜையைப் பிடித்துக்கொண்டு கொஞ்சம் நின்றார். பிறகுதான் "இருக்கேன்னு எழுதுங்க" என்றார். எழுதிவிட்டேன். மூச்சு நின்றது நாலாவது சொல்லில். சனிக்கிழமைவரை காத்திருக்காதே, கிளம்பு.